வேலையை விடச் சொல்லி கம்பெனி பணம் தருகிறதா? கையெழுத்துக்கு முன்பும் பின்பும் செய்ய வேண்டியவை

அவர் செல்போனில் எடுத்து வந்த படத்தில் ஒரே ஒரு தாள். மூன்று இடங்களில் பென்சிலால் சின்னதாகப் பெருக்கல் குறி போட்டிருந்தது. அங்கெல்லாம் கையெழுத்துப் போட வேண்டுமாம். கடைசிக் குறிக்குப் பக்கத்தில் ரெவின்யூ ஸ்டாம்பை ஒட்டியே வைத்திருந்தார்கள். "சொந்தக் காரணங்களால் வேலையை ராஜினாமா செய்கிறேன். எனக்குச் சேர வேண்டிய அனைத்தும் சேர்த்து ரூ.3,00,000 பெற்றுக்கொண்டேன். இனி எந்தக் கோரிக்கையும் இல்லை." அவ்வளவுதான்.

சில வருடங்களுக்கு முன் அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு தொழிற்சாலையில் சிஎன்சி ஆபரேட்டராக இருந்தவர் அவர். 11 வருடம் 7 மாதம் சர்வீஸ். எச்.ஆர். அறையில் உட்காரவைத்து, "போட்டுடுங்க, இல்லன்னா டிஸ்மிஸ் ஆர்டர் வரும், அப்புறம் எங்கயும் வேலை கிடைக்காது" என்று சொன்னார்களாம். "வீட்டில் கேட்டுட்டு வர்றேன்" என்று எழுந்து வந்துவிட்டார். அந்த ஒரு வாக்கியம்தான் அவரைக் காப்பாற்றியது. அந்தக் கம்பெனியின் பெயர் இங்கே தேவையில்லை. இப்படித்தான் பல இடங்களில் நடக்கிறது.

தொழிற்சங்க வேலையில் இருப்பதால் இந்த மாதிரித் தாள்களை நிறையப் பார்த்துவிட்டேன். பேசித் தீர்ப்பதற்கு நான் எதிரி இல்லை. பல வருடம் கோர்ட்டுக்கு அலைவதைவிட நல்ல ஒப்பந்தம் எவ்வளவோ மேல். ஆனால் தொழிலாளி ஏமாறுவது பெரும்பாலும் ஒரே இடத்தில்தான்: ஏற்கெனவே அவருக்குச் சொந்தமான பணத்தையே எடுத்து, "செட்டில்மென்ட்" என்று பெயர் வைத்து அவரிடமே கொடுக்கிறார்கள். அதைப் பிரித்துப் பார்க்கத் தெரிந்துவிட்டால் மற்றதெல்லாம் படிப்படியாக வந்துவிடும்.

முதல் நாள்: எழுந்து வெளியே வாருங்கள்

அறைக்குள் இருக்கும்போது எதிலும் கையெழுத்துப் போட வேண்டாம். "படிச்சுப் பார்த்துட்டு நாளைக்குச் சொல்றேன்" என்பதற்கு மேல் வாதாடவும் வேண்டாம். தாளின் நகலைக் கேளுங்கள். தரவில்லையென்றால், முடிந்தால் படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

சரி, பயத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டீர்களா? அன்று இரவுக்குள் கம்பெனிக்கு ஒரு மின்னஞ்சல் அனுப்புங்கள். எத்தனை மணிக்கு, எந்த அறையில், யார் யார் இருந்தார்கள், என்ன சொன்னார்கள், எப்படிக் கையெழுத்து வாங்கினார்கள் என்பதை நாலு வரியில் எழுதி, "அந்த ராஜினாமா என் விருப்பத்தில் கொடுத்ததில்லை, திரும்பப் பெறுகிறேன், நாளை வழக்கம்போல் வேலைக்கு வருவேன்" என்று முடியுங்கள். மறுநாள் காலையில், போய்ச் சேர்ந்ததற்கான ஒப்புகையோடு ஸ்பீட் போஸ்டிலும் அதையே அனுப்புங்கள். பத்து நாள் கழித்து "கட்டாயப்படுத்தினார்கள்" என்று சொன்னால் நம்ப வைப்பது கடினம். அதே நாளில் எழுதியிருந்தால் அதன் எடையே வேறு.

மறுநாள் ஷிஃப்டுக்குப் போங்கள். கேட்டில் நிறுத்தினால், நிறுத்திய நேரத்தைக் குறிப்பிட்டு அங்கிருந்தே ஒரு மெசேஜ் அனுப்புங்கள். போகாமல் வீட்டில் இருந்துவிட்டால், "தானாகவே வேலையை விட்டுவிட்டார்" என்று கம்பெனி சொல்வதற்கு நீங்களே வழி செய்துகொடுத்த மாதிரி ஆகிவிடும்.

காகிதங்களைச் சேர்ப்பது

இதற்கு ஒரு வாரம் ஒதுக்குங்கள். நியமன உத்தரவு, கடைசி பன்னிரண்டு மாதச் சம்பளச் சீட்டு, வங்கிக் கணக்கு விவரம், பிஎஃப் பாஸ்புக், ஐடி கார்டு, சம்பள உயர்வுக் கடிதங்கள், பாராட்டுக் கடிதம் ஏதாவது இருந்தால் அதுவும். மெமோ, குற்றச்சாட்டுக் குறிப்பாணை, நீங்கள் கொடுத்த விளக்கம் எல்லாவற்றையும் தேதி வரிசைப்படி அடுக்குங்கள். கம்பெனி மின்னஞ்சலை எப்போது வேண்டுமானாலும் முடக்கிவிடுவார்கள். உங்கள் வேலை நிலை பற்றிய கடிதங்களை முதலிலேயே பிரிண்ட் எடுத்துக்கொள்ளுங்கள். வாடிக்கையாளர் விவரம், டிராயிங், கோட் போன்றவற்றைத் தொடக்கூடாது. அது உங்கள் மேலேயே குற்றச்சாட்டாகத் திரும்பும்.

சம்பளச் சீட்டே தராத கம்பெனியாக இருந்தால் வங்கிப் பதிவும் பிஎஃப் பாஸ்புக்கும் போதும். இஎஸ்ஐ அட்டையில் இருக்கும் பதிவுத் தேதியும் சாட்சிதான்.

எந்த வாசலுக்குப் போவது, எத்தனை நாளுக்குள்

பேச்சுவார்த்தை நடக்கும்போதே சட்டக் கெடு ஓடிக்கொண்டிருக்கும். "பேசிக்கிட்டுதானே இருக்கோம்" என்று கம்பெனி நாளைக் கடத்துவதை நிறையப் பார்த்திருக்கிறேன்.

2025 நவம்பர் 21 முதல் நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்துவிட்டன. 1947-ஆம் ஆண்டின் தொழில் தகராறுச் சட்டம் இருந்த இடத்தில் இப்போது தொழில் உறவுகள் தொகுப்பு இருக்கிறது. பழைய சட்டத்தில் வேலைநீக்கத்துக்கு எதிராக நேரடியாகத் தொழிலாளர் நீதிமன்றம் போக 3 வருடம் இருந்தது. புதிய தொகுப்பில், தகராறு எழுந்து 2 வருடம் தாண்டிவிட்டால் சமரச அலுவலர் (இரு தரப்பையும் உட்காரவைத்துப் பேசும் தொழிலாளர் துறை அலுவலர்) அதை எடுக்க முடியாது. சமரசம் முறிந்து அறிக்கை வந்தால், அது கிடைத்த 90 நாளுக்குள் தொழில் தீர்ப்பாயத்துக்கு மனுப் போட வேண்டும். 2 வருடம் இருக்கிறதே என்று உட்கார்ந்துவிடாதீர்கள். முதல் இரண்டு மாதத்துக்குள் மனு போய்விட வேண்டும் என்பது என் கருத்து. சூடு ஆறிய தகராறுக்கு மதிப்புக் குறைவு.

தமிழ்நாட்டில் கடை, ஷோரூம், தனியார் அலுவலகம் போன்ற இடங்களில் வேலை பார்த்தவர்களுக்கு இன்னொரு வாசலும் உண்டு. 1947-ஆம் ஆண்டின் தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் சட்டத்தின் 41-வது பிரிவு. ஆறு மாதம் தொடர்ந்து வேலை பார்த்தவரைத் தக்க காரணம் இல்லாமலும், ஒரு மாத நோட்டீஸ் அல்லது அதற்கான சம்பளம் இல்லாமலும் நிறுத்தக்கூடாது என்கிறது. நிறுத்தினால் மேல்முறையீட்டுக்கு 30 நாள்தான் கெடு. இந்த 30 நாளைத் தவறவிட்டு வருகிறவர்கள்தான் அதிகம்.

ஐடி கம்பெனிக்கு இதெல்லாம் பொருந்தாது என்று ஒரு பேச்சு இருக்கிறது. அதை நம்ப வேண்டாம். கார்டில் என்ன பதவிப் பெயர் இருக்கிறது என்பது முடிவு செய்யாது. உண்மையில் என்ன வேலை செய்தீர்கள் என்பதைத்தான் சட்டம் பார்க்கிறது. "சீனியர் மேனேஜர்" என்று போட்டிருந்தாலும் கீழே ஒருவர்கூட இல்லாமல், லீவு கொடுக்கும் அதிகாரமும் இல்லாமல் நாள் முழுக்க டெஸ்டிங் செய்தவர் மேனேஜர் ஆகிவிட மாட்டார். நிஜமாகவே நிர்வாகப் பொறுப்பில் இருந்தவருக்குச் சமரச அலுவலரின் வாசல் இல்லை. அவருடைய பலம் நியமன ஒப்பந்தத்தில்தான் இருக்கிறது.

மாநில அரசின் கீழ் வரும் தகராறுகளுக்கு உங்கள் மாவட்டத் தொழிலாளர் உதவி ஆணையர் (சமரசம்) அலுவலகம். சென்னையில் தேனாம்பேட்டை டி.எம்.எஸ். வளாகத்தில் விசாரித்தால் எந்தச் சரகம் என்று சொல்லிவிடுவார்கள். வங்கி, துறைமுகம், ரயில்வே போன்றவை மத்திய அரசின் தொழிலாளர் ஆணையரிடம் போகும். 20 பேர் அல்லது அதற்கு மேல் வேலை செய்யும் இடத்தில் குறைதீர்க் குழு இருக்க வேண்டும். வேலை இன்னும் போகாத, சம்பளம், இடமாற்றம் போன்ற பிரச்சினை என்றால் அங்கே ஒரு மனு கொடுத்து வைப்பது நல்லது.

இரண்டு பத்திக் கணக்கு

ஒரு நோட்டில் நடுவே கோடு போடுங்கள். இடது பத்தியில், எந்தச் சண்டையும் இல்லாமல் நாளைக்கே வேலையை விட்டாலும் உங்களுக்கு வர வேண்டிய பணம். வலது பத்தியில், வேலை மீதான உங்கள் உரிமையை விட்டுக்கொடுப்பதற்கான விலை. இரண்டையும் ஒருபோதும் கூட்டி ஒரே எண்ணாகப் பேசாதீர்கள்.

அந்த ஆபரேட்டருக்குப் போட்ட கணக்கையே காட்டுகிறேன். அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்த்து ரூ.26,000. மற்ற படிகளோடு மொத்தம் ரூ.32,000.

முதலில் இடது பத்தி. கிராஜுவிட்டிக்கு, அதாவது சர்வீஸுக்காகக் கம்பெனி தர வேண்டிய பணிக்கொடைக்குக் கணக்கு எளிது: ஒரு மாதத்துக்கு 26 நாள் என்று வைத்து, வருடத்துக்கு 15 நாள் சம்பளம். 26,000-ஐ 26-ஆல் வகுத்தால் ஒரு நாளைக்கு 1,000. பதினைந்து நாளைக்கு 15,000. சர்வீஸ் 11 வருடம் 7 மாதம். ஆறு மாதத்துக்கு மேல் போனால் முழு வருடமாக எடுக்க வேண்டும் என்பதால் 12 வருடம். ஆக ரூ.1,80,000. அடுத்து, வேலை பார்த்த 18 நாளுக்குச் சம்பளம் ரூ.19,200. மீதமிருந்த லீவு 24 நாளுக்கு ரூ.24,000. மொத்தம் ரூ.2,23,200.

கம்பெனி நீட்டியது ரூ.3,00,000. அதில் 2,23,200 ஏற்கெனவே அவருடையது. அப்படியென்றால் பதினொன்றரை வருட வேலைக்கு அவர்கள் வைத்த விலை ரூ.76,800. இரண்டரை மாதச் சம்பளம்கூட முழுசாக இல்லை. இதை எழுதிக் காட்டியபோது அவர் ரொம்ப நேரம் அந்தத் தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். மூன்று லட்சம் என்று கேட்டபோது பெரிய தொகையாகத்தான் அவருக்கும் தெரிந்திருக்கிறது.

இடது பத்தியைப் பேரம் பேசவே கூடாது. கிராஜுவிட்டியை 30 நாளுக்குள் தர வேண்டும், தாமதித்தால் வட்டியோடு தர வேண்டும் என்பது சட்டம். உங்கள் ஒப்பந்தத்தில் எதை எழுதியிருந்தாலும் சட்டப்படியான கிராஜுவிட்டியை அது குறைக்க முடியாது. நான்கு தொகுப்புகளில் ஒன்றான ஊதியத் தொகுப்பின்படி, வேலையை விட்டு நின்றாலும் நிறுத்தப்பட்டாலும் இரண்டு வேலை நாளுக்குள் சம்பள பாக்கியைத் தீர்க்க வேண்டும். பிஎஃப் பணம் கம்பெனியின் கையிலேயே இல்லை. அதைப் "பிடித்து வைப்போம்" என்று மிரட்டினால் பயப்படாதீர்கள்.

"டிஸ்மிஸ் ஆனால் கிராஜுவிட்டி போய்விடும்" என்பது அடிக்கடி வரும் மிரட்டல். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. கம்பெனிக்கு நஷ்டம் உண்டாக்கியதற்காக நீக்கினால், அந்த நஷ்டத்தின் அளவுக்குத்தான் பிடிக்கலாம். வன்முறை, வேலையின்போது செய்த ஒழுக்கக்கேடான குற்றம் போன்றவற்றுக்கு மட்டுமே முழுவதையும் பிடிக்க வழி இருக்கிறது. தாமதமாக வந்தார், டார்கெட் முடிக்கவில்லை என்பதெல்லாம் அந்த வகையில் சேராது.

அடிப்படைச் சம்பளத்தை வேண்டுமென்றே குறைத்து, படிகளை ஏற்றி வைத்திருக்கும் கம்பெனிகளில் இருப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். புதிய தொகுப்புகளில் வீட்டு வாடகைப் படி போன்றவை ஊதியக் கணக்குக்கு வெளியே இருக்கின்றன. ஆனால் அவை மொத்தத்தில் பாதியைத் தாண்டினால், தாண்டிய பகுதி ஊதியத்தோடு சேர்ந்துவிடும். ரூ.30,000 வாங்குகிறவருக்கு அடிப்படைச் சம்பளம் ரூ.10,000 என்று காட்டியிருந்தாலும் கிராஜுவிட்டிக் கணக்கு ரூ.15,000-லிருந்து தொடங்க வேண்டும்.

இப்போது வலது பத்தி. இதற்குத் தரைமட்டம் ஒன்று இருக்கிறது. ஒரு வருடத்தில் 240 நாள் வேலை பார்த்த தொழிலாளியை ஆட்குறைப்புச் செய்தால் ஒரு மாத நோட்டீஸ் சம்பளமும், வருடத்துக்கு 15 நாள் சராசரிச் சம்பளமும் தர வேண்டும். இது கிராஜுவிட்டிக்கு மேலே, தனியாக. அப்போது நடைமுறையில் இருந்த சட்டப்படி மொத்தச் சம்பளத்தை வைத்து அவருக்குப் போட்டோம்: நோட்டீஸ் ரூ.32,000, இழப்பீடு 16,000 பெருக்கல் 12, அதாவது ரூ.1,92,000. சேர்த்து ரூ.2,24,000. எந்தத் தவறும் செய்யாத ஆளை ஆள் அதிகம் என்று சட்டப்படி அனுப்பினாலே இவ்வளவு. அவரை அனுப்பப் பார்த்ததோ அதில் மூன்றில் ஒரு பங்கு சுமாருக்கு. புதிய தொகுப்பில் இதற்கு மேல் இன்னும் 15 நாள் சம்பளம், ஆட்குறைப்பில் வேலை இழந்தவர்களுக்கான மறுதிறன் நிதி வழியாக 45 நாளுக்குள் தொழிலாளியின் கணக்குக்கு வர வேண்டும்.

எவ்வளவு கேட்பது

தரைமட்டம் தெரிந்துவிட்டது. கூரை எது? கோர்ட்டில் முழுசாக ஜெயித்தால் என்ன கிடைக்குமோ அதுதான். மீண்டும் வேலை, பணித் தொடர்ச்சி, முழுப் பின் சம்பளம் (நீக்கிய நாளிலிருந்து வராமல் போன சம்பளம்). மூன்று வருடம் ஓடினால் அவருக்குப் பின் சம்பளம் மட்டும் ரூ.11,52,000 வரும்.

அது நிச்சயம் கிடைக்குமா என்றால், வழக்கின் பலத்தைப் பொறுத்தது. சட்டவிரோதமாக நீக்கப்பட்டவருக்குப் பின் சம்பளத்தோடு வேலை தருவதே பொது விதி என்று 2013-ல் ஒரு ஆசிரியையின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அதற்கு, இடைப்பட்ட காலத்தில் வேறு சம்பாத்தியம் இல்லை என்று தொழிலாளி சொல்லியிருக்க வேண்டும். இன்னொரு பக்கம், வேலையைத் திருப்பித் தராமல் ஒரு மொத்தத் தொகையோடு முடித்த தீர்ப்புகளும் நிறைய இருக்கின்றன, குறிப்பாகத் தினக்கூலி, தற்காலிக ஊழியர் வழக்குகளில். ஆகவே உங்கள் வழக்கை மூன்றாம் ஆள் மாதிரிப் பாருங்கள். உள் விசாரணை நடந்ததா? குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுத்தார்களா? சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய விட்டார்களா? ஒன்றுமே இல்லாமல் உத்தரவு வந்திருந்தால் உங்கள் பக்கம் பலமானது. விசாரணை முறையாக நடந்து, செய்ததற்கு ஆதாரமும் இருந்தால் கூரை இறங்கிவிடும். அதை ஒப்புக்கொண்டுதான் எண்ணை எடுக்க வேண்டும்.

சஸ்பென்ஷனில் இருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. தமிழ்நாட்டில் பிழைப்பூதியத்துக்கென்றே 1981-ல் ஒரு சட்டம் வந்தது. முதல் 90 நாள் பாதிச் சம்பளம், அடுத்த 90 நாள் முக்கால், 180 நாளுக்கு மேல் முழுச் சம்பளம். அது நிலுவையில் இருந்தால் இடது பத்தியில் எழுதுங்கள்.

அப்புறம், ஒரு அடித்தொகையை வீட்டில் உட்கார்ந்து முடிவு செய்யுங்கள். மனைவியோ கணவரோ, வீட்டில் வரவு செலவு பார்ப்பவர் பக்கத்தில் இருக்கட்டும். வாடகை, ஸ்கூல் ஃபீஸ், நகைக் கடன், அடுத்த வேலை கிடைக்க ஆகும் மாதங்கள் எல்லாம் அதில் வரட்டும். எழுதி, மடித்து வையுங்கள். பேச்சு நடக்கும் அறையில் எடுக்கும் முடிவைவிட இது நிதானமானது. அந்த எண்ணைக் கம்பெனியின் காதுக்குக் கொண்டுபோகக்கூடிய யாரிடமும் சொல்லாதீர்கள்.

கேட்பது வேலையை

பலர் செய்யும் தவறு: முதல் கடிதத்திலேயே "எனக்கு இவ்வளவு லட்சம் கொடுங்கள்" என்று எழுதுவது. எழுதினால், வேலை வேண்டாம் என்று நீங்களே சொல்லிவிட்டதாக ஆகும். வலது பத்திக்கு விலை வருவதே, வேலை மீதான உரிமை உங்கள் கையில் இருப்பதால்தான். ஆகவே கடிதமும் மனுவும் ஒன்றைத்தான் கேட்க வேண்டும்: பணித் தொடர்ச்சி, முழுப் பின் சம்பளம், இதர பணப் பலன்களோடு மீண்டும் வேலை. தொகையைப் பற்றிய பேச்சை முதலில் கம்பெனி எடுக்கட்டும். எடுப்பார்கள்.

முதல் கடிதம் ஒரு பக்கம் போதும். சர்வீஸ் எவ்வளவு, என்ன நடந்தது, ஏன் தவறு, என்ன வேண்டும், 15 நாளில் பதில் வராவிட்டால் சமரச அலுவலரிடம் போவேன். வசவு வேண்டாம். மேனேஜரின் குணம் பற்றி எழுத வேண்டாம். அந்தக் கடிதம் பின்னால் நீதிபதி முன்னால் இருக்கப்போகிறது என்று நினைத்து எழுதுங்கள்.

சமரச அலுவலர் முன்னால்

மனு கொடுத்தால் இரு தரப்புக்கும் நோட்டீஸ் வரும். கட்டணம் இல்லை. சமரசப் பேச்சில் வக்கீல் உங்களுக்காகப் பேச முடியாது. கம்பெனிக்கும் அதே விதிதான். சங்கப் பொறுப்பாளர் உங்களோடு உட்காரலாம். உங்களுக்குச் சங்கம் இல்லையென்றாலும் பகுதியில் இருக்கும் பொதுத் தொழிற்சங்கம் ஒன்றில் கேட்டுப் பாருங்கள். தனியாகப் போவதைவிடப் பக்கத்தில் ஒருவர் இருப்பது பெரிய தைரியம்.

முதல் தேதிக்குக் கம்பெனி வராமல் இருக்கலாம். இரண்டாவது தேதிக்கு எச்.ஆர். வந்து "மேல கேட்டுட்டுச் சொல்றோம்" என்று வாய்தா வாங்குவார். மனம் தளர வேண்டாம். ஒவ்வொரு முறையும் வருகைப் பதிவில் கையெழுத்துப் போட்டுவிட்டு, அடுத்த தேதியைக் குறித்துக்கொண்டு வாருங்கள். நீங்கள் ஒரு தேதியைக்கூடத் தவறவிடக் கூடாது.

பெரும்பாலும் அலுவலர் இரு தரப்பையும் தனித்தனியே கூப்பிட்டுப் பேசுவார். "எவ்வளவு எதிர்பார்க்கிறீங்க?" என்ற கேள்வி அங்கேதான் வரும். அப்போது இடது பத்தியை முதலில் எடுத்து வையுங்கள். "சார், இது சட்டப்படி வர வேண்டியது, இதில் பேச்சில்லை. எனக்கு வேலைதான் வேண்டும். வேலை தர முடியாது என்றால் அதற்கு மேலே என்ன தருகிறார்கள் என்று கேளுங்கள்." அந்த ஆபரேட்டர் இதை இப்படியே சொன்னார். குரல் கொஞ்சம் நடுங்கியது, ஆனால் சொன்னார். அதுவரை மூன்று லட்சத்தைச் சுற்றியே வந்த பேச்சு அன்றைக்குத்தான் திரும்பியது. எச்.ஆர். வெளியே போய் நாற்பது நிமிடம் போன் பேசிவிட்டு வந்தார்.

மௌனத்துக்குப் பயப்படாதீர்கள். ஒரு எண்ணைச் சொன்ன பிறகு அவர்கள் பேசாமல் இருந்தால், நீங்களே குறைத்துக்கொண்டு போகாதீர்கள். இறங்குவதாக இருந்தால் ஒவ்வொரு முறையும் பதிலுக்கு ஏதாவது கேட்டு வாங்குங்கள்: தொகையில் கொஞ்சம் இறங்கினால் ஒரே தவணை, அல்லது ராஜினாமாவாக மாற்றிய அனுபவச் சான்று.

உடன்பாடு வராவிட்டால் சமரச முறிவு அறிக்கையை வாங்கிக்கொண்டு தீர்ப்பாயம் போகலாம். போன பிறகும் பேச்சு நிற்பதில்லை. வழக்கு நிலுவையில் இருக்கும்போது லோக் அதாலத்துக்கு அனுப்பச் சொல்லிக் கேட்கலாம். அங்கே கட்டணம் கிடையாது. முடிவு நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம், அதன்மேல் அப்பீல் இல்லை. அப்பீல் இல்லை என்பது உங்களுக்கும் சேர்த்துத்தான், அதனால் படித்துப் பார்க்காமல் ஒப்புக்கொள்ளக் கூடாது.

பலபேர் சேர்ந்து பேசும்போது

ஆலையே மூடுகிறது என்றால் கணக்கு வேறு. 2021 செப்டம்பரில் ஃபோர்டு இந்தியாவில் உற்பத்தியை நிறுத்துவதாக அறிவித்தது. மறைமலைநகர் தொழிலாளர்கள் அடுத்த ஆண்டும் விடாமல் பேசினார்கள். கம்பெனி இறங்கி வந்து தர ஒப்புக்கொண்ட தொகை, சர்வீஸில் ஒரு வருடத்துக்கு நூறு நாள் சம்பளத்தைத் தாண்டியது. சட்டம் சொல்லும் 15 நாள் வெறும் தரைமட்டம்தான் என்பதற்கு இதைவிட வேறு சாட்சி வேண்டாம்.

பணத்தைவிட முக்கியமான ஷரத்துகளும் உண்டு. சுங்குவார்சத்திரத்தில் சாம்சங் தொழிலாளர்களின் வேலைநிறுத்தம் 2024 செப்டம்பர் 9-ல் தொடங்கி 37 நாள் நடந்தது. அக்டோபர் 15-ல் அரசு முன்னிலையில் முடிந்தபோது, வேலைநிறுத்தத்தில் கலந்துகொண்டதற்காக யாரையும் பழிவாங்கக் கூடாது என்பதும், கோரிக்கைகளுக்கு நிர்வாகம் சமரச அலுவலர் முன் எழுத்தில் பதில் தர வேண்டும் என்பதும் உடன்பாட்டில் இருந்தன. வேலைக்குத் திரும்பிப் போகும் ஒப்பந்தம் எதுவானாலும் பழிவாங்கக் கூடாது என்ற வரி இல்லாமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

ஒப்பந்தத்தில் என்ன எழுத வேண்டும்

சங்கத்துக்காரர்கள் "பன்னிரண்டு மூணு", "பதினெட்டு ஒண்ணு" என்று பேசுவதைக் கேட்டிருப்பீர்கள். பழைய சட்டத்தின் பிரிவு எண்கள் அவை. சமரச அலுவலர் முன் போடுவது 12(3). வெளியே இரு தரப்பும் நேரடியாகப் போடுவது 18(1). நேரடி ஒப்பந்தம் கையெழுத்திட்டவர்களை மட்டும் கட்டுப்படுத்தும். சமரசத்தில் போட்டால் அந்த நிறுவனத்தில் உள்ள அனைவரையும் கட்டுப்படுத்தும். எண் மாறினாலும் இந்த வேறுபாடு புதிய தொகுப்பிலும் தொடர்கிறது. தனி ஆள் தகராறாக இருந்தாலும் அலுவலர் முன் போடுவதையே நான் விரும்புகிறேன். ஒரு அரசு அலுவலரின் கையெழுத்து இருந்தால், பின்னால் "அப்படிச் சொல்லவில்லை" என்ற பேச்சு வராது. ஒப்பந்தப்படி பணம் தராவிட்டால் அரசிடம் மனுப் போட்டு, நில வரி பாக்கியை வசூலிப்பதுபோல் மாவட்ட ஆட்சியர் மூலம் வசூலிக்க வழி இருக்கிறது. அதற்கு ஒரு வருடத்துக்குள் மனுப் போட வேண்டும்.

தொகைகள் தனித்தனி வரியில் வர வேண்டும். கிராஜுவிட்டி இவ்வளவு, சம்பள பாக்கி இவ்வளவு, லீவு இவ்வளவு, இழப்பீடு இவ்வளவு. வரிக் கணக்குக்கும் இது அவசியம். கிராஜுவிட்டிக்கும் லீவுப் பணத்துக்கும் தனித்தனி வரம்பு வரை வருமான வரி விலக்கு உண்டு. எல்லாவற்றையும் ஒன்றாகக் "கருணைத் தொகை" என்று எழுதிவிட்டால் முழுவதற்கும் வரி பிடித்துவிடுவார்கள். ஆட்குறைப்பு இழப்பீட்டுக்கும் விலக்கு உண்டு, ஆனால் ராஜினாமா என்று மாற்றினால் அது கேள்விக்குறி ஆகலாம். சான்றிதழில் ராஜினாமா வேண்டுமா, வரி விலக்கு வேண்டுமா என்பதைக் கையெழுத்துக்கு முன் ஒரு ஆடிட்டரிடம் கேட்டு முடிவு செய்யுங்கள்.

பணம் எந்தத் தேதிக்குள், எந்த வங்கிக் கணக்குக்கு என்று எழுதுங்கள். கையெழுத்தாகும் அன்றே டிடி வாங்குவது எல்லாவற்றிலும் நல்லது. தவணை என்றால் பின் தேதியிட்ட காசோலைகளின் எண்ணையும் தேதியையும் ஒப்பந்தத்திலேயே எழுதுங்கள். திரும்பினால், வங்கிக் குறிப்பு வந்த 30 நாளுக்குள் நோட்டீஸ் அனுப்ப வேண்டும் என்பதை நினைவில் வையுங்கள். ஒரு தவணை தவறினால் மீதி முழுவதும் வட்டியோடு உடனே தர வேண்டும் என்ற வரியும் இருக்கட்டும்.

வேலைநீக்க உத்தரவு திரும்பப் பெறப்படுகிறது என்று தெளிவாக எழுத வேண்டும். அனுபவச் சான்றிலும் ரிலீவிங் ஆர்டரிலும் என்ன வாசகம் வரும் என்பதை இணைப்பாகச் சேர்த்துவிடுங்கள். "பிறகு தருகிறோம்" என்று விட்ட சான்றிதழுக்காக ஒன்றரை வருடம் நடந்தவரை எனக்குத் தெரியும். ஒரிஜினல் சான்றிதழ்களை வாங்கி வைத்திருந்தால் அதையும் அன்றே கேளுங்கள். புதிய கம்பெனி விசாரித்தால் என்ன பதில் சொல்வார்கள் என்பதற்கும் ஒரு வரி.

"இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்ற வரி கட்டாயம் வரும். வரட்டும், அது இல்லாமல் கம்பெனி பணம் தராது. ஆனால் இரண்டு திருத்தம் கேளுங்கள். ஒன்று, "மேற்கண்ட தொகைகள் முழுவதும் வந்து சேர்ந்த பிறகு" என்று அந்த வரி தொடங்க வேண்டும். இரண்டு, பிஎஃப், பென்ஷன், இஎஸ்ஐ உரிமைகளுக்கு இது பொருந்தாது என்று முடிய வேண்டும். கம்பெனி உங்கள் மேல் போலீஸ் புகார் எதுவும் கொடுத்திருந்தால் அதைத் திரும்பப் பெறுவதும் இதே தாளில் வர வேண்டும். இரு தரப்பும் ஒருவரைப் பற்றி ஒருவர் தவறாகப் பேசக் கூடாது என்றால் அது இரு பக்கமும் இருக்க வேண்டும். போட்டிக் கம்பெனியில் சேரக் கூடாது என்று எழுதியிருந்தால் அடிக்கச் சொல்லுங்கள். வேலையை விட்ட பிறகும் பிழைப்பைத் தடுக்கும் அப்படிப்பட்ட ஷரத்து இந்திய ஒப்பந்தச் சட்டத்தில் செல்லாது.

ஆங்கிலத்தில் இருந்தால் தமிழில் ஒரு பிரதி கேளுங்கள். ஒவ்வொரு பக்கத்திலும் இரு தரப்புக் கையெழுத்து இருக்கட்டும். வெற்றிடம் எதையும் கோடு போட்டு அடைத்துவிட்டுத்தான் உங்கள் கையெழுத்து.

அந்த ஆபரேட்டரின் தகராறு ஏழாவது மாதம் முடிந்தது. இடது பத்தி ரூ.2,23,200 அப்படியே. வலது பத்தி ரூ.6,40,000, அதாவது இருபது மாதச் சம்பளம். மொத்தம் ரூ.8,63,200. கையெழுத்துப் போடாததால் வந்திருந்த நீக்க உத்தரவு ரத்தாகி, ராஜினாமா என்று சான்று வந்தது. வேலையே திரும்பக் கிடைத்திருந்தால் இன்னும் சந்தோஷப்பட்டிருப்பார் என்று எனக்குத் தெரியும்.

பணம் வந்த பிறகு

கணக்கில் தொகை ஏறியதை வங்கிப் பதிவில் பார்த்த பிறகே வழக்கைத் திரும்பப் பெறும் மனுவில் கையெழுத்துப் போடுங்கள். பிஎஃப் தளத்தில் கம்பெனி உங்கள் விலகல் தேதியைச் சரியாகப் போட்டிருக்கிறதா என்று பாருங்கள். அங்கே காரணம் என்று ஒரு கட்டம் இருக்கிறது. ஒப்பந்தத்தில் ராஜினாமா என்று எழுதிவிட்டு அதில் "நீக்கம்" என்று போட்டிருந்தால் உடனே எழுத்தில் திருத்தச் சொல்லுங்கள். கம்பெனி தேதியே போடாவிட்டால், கடைசிச் சந்தா மாதத்திலிருந்து இரண்டு மாதம் கழித்து நீங்களே போட்டுக்கொள்ளலாம்.

பத்து வருடத்துக்கு மேல் சர்வீஸ் இருந்தால் பென்ஷன் பங்கை எடுக்க முடியாது. அதற்குப் பதிலாகத் திட்டச் சான்றிதழ் கேட்டு விண்ணப்பியுங்கள். 58 வயதில் பென்ஷன் வாங்க அதுதான் ஆதாரம். ஒப்பந்தத்தின் ஒரிஜினலோடு அதையும் ஒரே உறையில் போட்டு, வீட்டுப் பத்திரம் வைத்திருக்கும் இடத்தில் வையுங்கள். உறை எங்கே இருக்கிறது என்று வீட்டில் இன்னொருவருக்கும் தெரிந்திருக்கட்டும்.